மோதாமல் பயின்ற அணி: செயின்ட் ஜான்ஸ் கல்லூரியின் 2003ஆம் ஆண்டு வாகை

அமெரிக்காவின் மினசோட்டா மாநிலத்தில் பெனடிக்ட் சபைத் துறவியர் 1857இல் நிறுவிய செயின்ட் ஜான்ஸ் பல்கலைக்கழகம், பெயரளவில் பல்கலைக்கழகமாயினும் உண்மையில் ஆடவர் பயிலும் ஒரு சிறு கல்லூரியே ஆகும். காலேஜ்வில் என்னும் ஊரில் காடும் ஏரியும் சூழ அமைந்த அக்கல்லூரியின் அமெரிக்கக் கால்பந்து அணி, 2003ஆம் ஆண்டுப் பருவத்தில் ஆடிய 14 ஆட்டங்களிலும் வென்று, தேசியக் கல்லூரி விளையாட்டுச் சங்கத்தின் மூன்றாம் பிரிவில் வாகை சூடியது. மூன்றாம் பிரிவு என்பது, விளையாட்டுத் திறனுக்காக உதவித்தொகை வழங்கக் கூடாது என்னும் விதிக்கு உட்பட்ட கல்லூரிகளின் தொகுதி. அதில் ஆடும் மாணவர், பிற மாணவரைப் போலவே கல்விக்காகச் சேர்ந்து, மாலை நேரங்களில் ஆட்டம் பயில்பவர். அப்பருவம் பெரும்பாலும் பயிற்றுநர் ஜான் கலார்டியின் வெற்றி எண்ணிக்கைக்காகவே நினைக்கப்படுகிறது. அவ்வெண்ணிக்கை பெரிதே எனினும், அந்த வெற்றிகள் எத்தகைய பயிற்சியால் விளைந்தன என்பதே ஆராயத்தக்க பொருளாகும்.

அமெரிக்கக் கால்பந்தில் பந்து பெரும்பாலும் கையிலேயே இருக்கும். 100 கஜ நீளமுள்ள களத்தில் அணிக்கு 11 பேராக நின்று, பந்தை ஏந்தி ஓடியோ முன்னால் எறிந்து பிடித்தோ, நான்கு முயற்சிகளுக்குள் 10 கஜமேனும் முன்னேற வேண்டும். எதிரணியின் எல்லைப் பகுதிக்குள் பந்தைக் கொண்டு சேர்ப்பது டச்டவுன் எனப்பட்டு 6 புள்ளிகளைத் தரும். பந்தேந்தியவரை மறித்துத் தரையில் வீழ்த்தும் செயலுக்கு டாக்கிள் என்று பெயர். கபடியில் பாடி வருபவரை மடக்கிப் பிடிப்பதை அது ஓரளவு ஒத்திருந்தாலும், இருவரும் முழு வேகத்தில் ஓடிவந்து தலைக்கவசமும் தோள்கவசமும் அதிர மோதுவதால், அதன் வன்மை வேறொரு படியில் நிற்பது. எனவே, ஆட்டத்தன்று எப்படி மோத வேண்டுமோ அப்படியே வாரம் முழுவதும் மோதிப் பழக வேண்டும் என்பது அமெரிக்கப் பயிற்றுநர்களிடையே ஐயத்துக்கு இடமற்ற கொள்கையாக நெடுங்காலம் நிலவிற்று.

கலார்டி அக்கொள்கையை மறுத்தவர். கொலராடோ மாநிலத்தின் டிரினிடாட் நகரில் 1926இல் பிறந்த அவர், 1943இல், தம் பள்ளியின் பயிற்றுநர் போர்ப்பணிக்கு அழைக்கப்பட்டபோது, 16 வயது மாணவராகவே அணியின் பொறுப்பை ஏற்றார். பயிற்சியின்போது தண்ணீர் குடிக்கக் கூடாது என்பது போன்ற, தாமும் தோழர்களும் பட்டறிந்த பயனற்ற கடுமைகளை அப்போதே நீக்கத் தொடங்கினார். மொன்டானா மாநிலத்தின் கரோல் கல்லூரியில் சில ஆண்டுகள் பணிபுரிந்து, 1953இல் செயின்ட் ஜான்ஸுக்கு வந்தபின், அந்நீக்கங்கள் ஒரு முறையாகவே வளர்ந்தன: பயிற்சியில் எவரும் எவரையும் வீழ்த்தக் கூடாது, விசில் இல்லை, எடைப் பயிற்சி கட்டாயமில்லை, பயிற்சி 90 நிமிடங்களைத் தாண்டக் கூடாது, சேர விரும்பி வந்த மாணவர் எவரும் விலக்கப்பட மாட்டார், பயிற்றுநரை 'கோச்' என்று அழைக்காமல் ஜான் என்று பெயர் சொல்லியே அழைக்க வேண்டும்.

இவற்றை ஒரு முதியவரின் விசித்திரப் போக்குகளாகக் கண்டு வியந்தோர் பலர். அந்தப் பார்வை போதாது. மோதலை நீக்கிய பயிற்சியில் எஞ்சுவது அறிவுப் பயிற்சியே: ஒவ்வோர் ஆட்டத் திட்டத்தையும் மீண்டும் மீண்டும் செய்து பார்ப்பதும், எதிரணி நிற்கும் நிலையைக் கண்டு அது செய்யப்போவதை முன்கூட்டி உணர்வதும், பந்தேந்தியவரை எந்தக் கோணத்தில் நெருங்க வேண்டும் என்பதை, அவரைக் கீழே தள்ளாமலே கற்றுக்கொள்வதும் அதில் அடங்கும். இவ்வாறு பயின்றவர், பருவத்தின் கடைசி வாரங்களில், பிற அணியினர் காயங்களோடு தளர்ந்திருக்கும் வேளையில், உடல் நலம் குன்றாமல் களமிறங்குவர் என்பது கலார்டியின் கணிப்பாகும்.

2003ஆம் ஆண்டு அக்கணிப்பு மிகக் கடுமையான தேர்வுக்கு உள்ளானது. நவம்பர் 8ஆம் நாள் பெத்தேல் அணியை 29-26 என்னும் கணக்கில் வென்றபோது, அது கலார்டியின் 409ஆம் வெற்றியாக அமைந்து, கிராம்பிளிங் பல்கலைக்கழகத்தின் எடி ராபின்சன் நிறுவியிருந்த 408 என்னும் கல்லூரிச் சாதனையைக் கடந்தது. ஆயினும் பருவம் அங்கு முடியவில்லை. டிசம்பர் 20ஆம் நாள் வர்ஜீனியா மாநிலத்தின் சேலம் நகரில், ஸ்டாக் போல் எனப்படும் இறுதி ஆட்டத்தில் எதிர்நின்றது ஒஹையோ மாநிலத்தின் மவுண்ட் யூனியன் கல்லூரி. லாரி கேரஸின் பயிற்சியில் முந்தைய மூன்று ஆண்டுகளும் வாகை சூடி, தொடர்ந்து 55 ஆட்டங்களில் வென்றிருந்த அணி அது. 2000ஆம் ஆண்டின் இறுதி ஆட்டத்தில் செயின்ட் ஜான்ஸை 10-7 என்று வீழ்த்தியதும் அதுவே.

அன்று அந்த அணியால் 6 புள்ளிகளுக்கு மேல் எடுக்க இயலவில்லை. நான்காம் பகுதியில் மவுண்ட் யூனியன் எல்லைக்கோட்டை நெருங்கி எறிந்த பந்தை, செயின்ட் ஜான்ஸின் தடுப்பாட்டக்காரர் ஒருவர் இடைமறித்துப் பிடித்து, களத்தின் முழு நீளமான 100 கஜமும் ஓடி டச்டவுன் ஆக்கினார். எறிபவரின் எண்ணத்தை முன்னுணர்ந்து தக்க இடத்தில் நிற்பதே காலேஜ்வில்லின் மாலைப் பயிற்சி வளர்க்க முயன்ற திறன். அம்முறையின் பயனைக் காட்ட அந்த ஒரு நிகழ்வே போதும். ஆட்டம் 24-6 என முடிந்தது. மோதிப் பழகாத அணி மோதலில் தோற்கும் என்னும் வாதம் அத்துடன் வலுவிழந்தது என்றே கொள்ள வேண்டும். மூன்றாம் பிரிவின் சிறந்த ஆட்டக்காரருக்கு, ஆட்டத்தோடு கல்வியையும் சமூகத் தொண்டையும் கருதி 1993 முதல் வழங்கப்படும் கலார்டி விருதும் அவ்வாண்டு அதே அணியின் பிளேக் எலியட்டுக்குக் கிடைத்தது.

2012இல் ஓய்வு பெற்றபோது கலார்டியின் வெற்றிகள் 489ஆக இருந்தன; 2018 அக்டோபர் 7ஆம் நாள் அவர் காலமானார். இதற்கிடையில், தலையில் திரும்பத் திரும்ப விழும் அதிர்ச்சி பிற்காலத்தில் மூளையைச் சிதைக்கக்கூடும் என்னும் மருத்துவ அறிவு பரவி, பயிற்சிக்கால மோதல் அமெரிக்காவெங்கும் கேள்விக்குள்ளாயிற்று. ஐவி லீக்கைச் சேர்ந்த எட்டுப் பல்கலைக்கழகங்களின் பயிற்றுநர்கள், பருவகாலப் பயிற்சியில் வீழ்த்தும் மோதலை அறவே நீக்க 2016இல் வாக்களித்தனர். காலேஜ்வில்லில் அது அதற்குப் பல பத்தாண்டுகள் முன்பே அன்றாட வழக்கமாக இருந்தது.