வாழை வேரில் ஒரு கூட்டாளி

ஏரல் பக்கம் தாமிரபரணித் தண்ணீரில் வளரும் வாழையின் வேரைக் கழுவிப் பாருங்கள், வெறும் வேர்தான் தெரியும். அதையே சாயமேற்றி நுண்ணோக்கியில் வைத்தால், செல்லுக்குள்ளே குட்டி மரம்போலக் கிளைவிட்டு நிற்கும் பூஞ்சை! விவசாயிகள் ‘வேம்’ என்று வாங்கிப் போடுவது இந்த வகைதான்.

மணிச்சத்து மண்ணில் எளிதில் நகராது. வேர் எட்டாத இடத்திலிருந்து அதைப் பூஞ்சையின் இழைகள் கொண்டுவந்து கொடுக்கின்றன. பதிலுக்கு வாழை சர்க்கரையும் கொழுப்பும் தருகிறது. ஸ்காட்லாந்தில் 40 கோடி ஆண்டுப் பழைய செடிப் படிமங்களிலும் இந்த உறவைக் கண்டிருக்கிறார்கள், எவ்வளவு பெரிய விஷயம்!

மணிச்சத்து உரமான சூப்பர் பாஸ்பேட்டை அளவுக்கு மீறிப் போட்டால் செடி இந்தக் கூட்டாளியை ஒதுக்கிவிடும். மண் பரிசோதனை பார்த்தே உரமிடுங்கள். வேமைக் கன்று நடும்போதே, வேரில் படும்படி குழியில் இடுங்கள்.