ரம்பொடையில் பிறந்த ராசம்மா



சினிமாவைப் பற்றிப் பேசச் சொல்லி என்னை மேடையேற்றிவிட்டீர்கள். சினிமா என்றாலே நம் பிள்ளைகளுக்குக் கோடம்பாக்கம்தான். நான் பேச வந்தது டெய்சி ராசம்மா டேனியல்ஸைப் பற்றி. யாரப்பா அது என்று பார்க்கிறீர்கள். ருக்மணி தேவி என்று சொல்லிப் பாருங்கள், நம் சிங்கள அயலவர்கள் அடுத்த நிமிடமே ஒரு பாட்டை முணுமுணுப்பார்கள்!

1923இல் ரம்பொடையில், கொழும்புச் செட்டிக் கிறிஸ்தவக் குடும்பத்தில் பிறந்த தமிழ்ப் பெண் அவர். சிறு வயதிலேயே இராமாயண நாடகத்தில் மேடையேறினார். 15 வயது மட்டில் எச்.டபிள்யூ. ரூபசிங்கவோடு சேர்ந்து இசைத்தட்டில் பாடினார். என்ன பாட்டு தெரியுமா? புத்தகயா விகாரையைப் போற்றும் பாட்டு. வேதக்காரப் பிள்ளை பாடிய அந்தப் பாட்டு இன்றைக்கும் வெசாக் நாட்களில் ஒலிக்கிறது. பிற்காலத்தில் ருக்மணியோடு எத்தனையோ சோடிப் பாட்டுகள் பாடிய மொகிதீன் பேக், சேலத்தில் பிறந்த முஸ்லிம். இதைச் சொன்னால் சிலர் நம்பவே மாட்டார்கள்.

1942 ஏப்ரலில் ஜப்பான்காரன் நம் சீனன்குடாவில் குண்டு போட்டுவிட்டுப் போனானே, அதற்கு ஐந்து வருஷத்துக்குள் சிங்களத்தின் முதல் பேசும்படம் வந்துவிட்டது. 'கடவுனு பொறொந்துவ', 1947 ஜனவரி 21. கதாநாயகி ருக்மணி தேவி. கதை பி.ஏ.டபிள்யூ. ஜயமான்னவின் மினர்வா குழு நாடகம். அதில் சிரிப்பு வேடம் கட்டிய எடி ஜயமான்னதான் ருக்மணியின் கணவர். படம் பிடித்தது எங்கே? மதுரையில்! தயாரிப்பாளர் எஸ்.எம். நாயகம், மதுரைத் தமிழர். இயக்கியவர் ஜோதிஷ் சின்ஹா என்ற வங்காளி. முதல் சிங்களப் படத்தின் பிறந்த வீடு தமிழ்நாடு, ஐயா!

உண்மையைச் சொல்ல வேண்டும். இன்றைய கண்ணுக்கு அந்தப் படங்கள் நாடகக் கொட்டகையைத் தூக்கிக் கொண்டுபோய்க் கமெராவுக்கு முன்னால் வைத்தது போலத்தான் இருக்கும். கடைசி வரிசைக்கும் கேட்கட்டும் என்று வசனத்தை உரத்துச் சொல்வார்கள். ஆனால் ருக்மணி பாட வாய் திறந்ததும் அந்தக் குறையெல்லாம் மறந்துபோகும். கொஞ்சம் கனத்த குரல், உச்சத்துக்குப் போனாலும் கீச்சிடாது. நடிப்பைவிடக் குரல்தான் அவருடைய பெரிய சொத்து என்பது என் கட்சி. மறுப்பவர்கள் கூட்டம் முடிந்ததும் தேநீரோடு வாருங்கள், வாதாடலாம்.

1956இல் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ் 'ரேகாவ' எடுக்கக் கமெராவைக் கிராமத்து வெளிக்குக் கொண்டுபோனார். ரசனை மாறியது. மெல்ல மெல்ல ருக்மணிக்கு நாயகி வேடங்கள் குறைந்தன. ராணியாக இருந்தவர் ஊரூராக இசை நிகழ்ச்சிக்குப் போய்ப் பாடினார். அதை இரக்கத்தோடு சொல்பவர்கள் உண்டு. எனக்கு இரக்கம் வரவில்லை, மரியாதைதான் வருகிறது. 1978 அக்டோபர் 28 அன்று, மாத்தறையில் பாடிவிட்டுத் திரும்பும் வழியில், ஜாஎலைக்குப் பக்கத்தில் துடெல்லையில் வாகன விபத்தில் மறைந்தார். வயது 55. அவர் வாழ்ந்த நீர்கொழும்பு, அஞ்சலி செலுத்த வந்த சனக்கூட்டத்தால் நிரம்பியது.

தலைவர் ஐயா, ஒரு விண்ணப்பம். நமது வாசிகசாலைச் சுவரில் சிவாஜி இருக்கிறார், எம்.ஜி.ஆர். இருக்கிறார். பக்கத்தில் ஒரு ஆணி அடியுங்கள். ராசம்மாவின் படத்தைச் சட்டம் போட்டு நான் கொண்டுவந்து தருகிறேன். பெயரை இரண்டு மொழியிலும் எழுதுங்கள்.