பிடித்த பணம் எங்கே?



அரசாங்கப் பள்ளியிலும் ஆஸ்பத்திரியிலும் கூட்டித் துடைக்கிறீர்கள், காவல் காக்கிறீர்கள். கட்டடம் அரசாங்கத்துடையது, சம்பளம் கொடுப்பவரோ குத்தகையாளர். சம்பளச் சீட்டில் இ.பி.எப். பிடித்ததாக இருக்கும். உங்கள் கணக்கைப் பார்த்தால் ஒரு காசுகூட ஏறியிருக்காது.

மாதம் 1,700 வெள்ளி சம்பளம் என்றால் உங்கள் பங்கு 11 விழுக்காடு, 187 வெள்ளி. முதலாளி பங்கு 13 விழுக்காடு, 221 வெள்ளி. ஓராண்டு கட்டாவிட்டால் 4,896 வெள்ளி நஷ்டம். அது உங்கள் முதுமைக்கான சோறு.

1991ஆம் ஆண்டு ஊழியர் சேமநிதிச் சட்டப்படி, ஒரு மாதச் சந்தாவை அடுத்த மாதம் 15ஆம் தேதிக்குள் கட்ட வேண்டும். உங்களிடம் பிடித்ததைக் கட்டாமல் வைத்துக்கொள்வது வெறும் கடன் பாக்கி அல்ல, குற்றம். 6 ஆண்டு வரை சிறை, அல்லது 20,000 வெள்ளி வரை அபராதம், அல்லது இரண்டுமே. கம்பெனி பெயரைச் சொல்லித் தப்பவும் முடியாது. பாக்கிக்கு அதன் இயக்குநர்களும் பொறுப்பு.

புகார் கொடுக்க வக்கீல் தேவையில்லை. அடையாள அட்டை, சம்பளச் சீட்டு, நியமனக் கடிதம், பேங்க் கணக்கு விவரம், கையில் இருப்பதை எடுத்துக்கொண்டு இ.பி.எப். அலுவலகம் செல்லுங்கள். தனியாகப் போகப் பயமா? கூட வேலை செய்பவர்களோடு சேர்ந்து போங்கள். புகார் கொடுத்ததற்கு அத்தாட்சி கேட்டு வாங்குங்கள். முதலாளி மீது வழக்குப் போட வாரியத்துக்கு அதிகாரம் உண்டு.

குத்தகை கைமாறி, பழைய ஆள் மறையும்வரை காத்திருக்காதீர்கள். மாதாமாதம் கணக்கைப் பாருங்கள். இது யாரும் போடும் பிச்சை அல்ல, நீங்கள் உழைத்த காசு!