மலையின் காவலர் எனச் சொல்லிக்கொண்டவர்கள்

இம்மலையின் நாடுகளிலிருந்து வந்து முன்வரிசையில் அமர்ந்திருக்கும் பட்டக்காரர்களுக்கும் ஊர்க்கவுண்டர்களுக்கும் முதல் வணக்கம். காரவள்ளியிலிருந்து எழுபது கொண்டை ஊசி வளைவுகளையும் கடந்து செம்மேட்டுக்கு ஏறி வந்த ஆய்வாளர்களுக்கும் மாணவர்களுக்கும் அடுத்த வணக்கம். வளைவுகளில் சிலருக்குத் தலை சுற்றியிருக்கும். இனி நான் சொல்லப்போகும் அரச மரபுகளும் கொஞ்சம் தலைசுற்ற வைக்கும். பொறுத்தருள வேண்டும்.

இடைக்கால அரசர்கள், வட்டார அதிகாரம், சமயம் ஆகியவற்றைப் பற்றிப் பேசத் தஞ்சாவூரையோ காஞ்சியையோ தேர்ந்தெடுக்காமல் கொல்லிமலையைத் தேர்ந்தெடுத்திருக்கிறீர்கள். அமைப்பாளர்களின் இந்த முடிவே பாதி ஆய்வு என்பேன். தலைநகரில் நின்று பார்ப்பவருக்குக் கோயில், கொடை, கல்வெட்டு எல்லாமே பேரரசனின் கையிலிருந்து கீழே இறங்கி வந்தவையாகத்தான் தெரியும். இங்கே நின்று பார்த்தால் அந்தப் படம் கலைந்துவிடுகிறது. சமயத்தைப் போர்களின் காரணமாகவும் ஆட்சி மாற்றங்களின் காரணமாகவும் படித்துப் பழகிவிட்டோம். என் கருத்து வேறு. அரசர்கள் தங்கள் உரிமையை எழுதிவைத்த இடம் சமயம். பெரியவர்கள் மட்டும் அங்கே எழுதவில்லை. ஒரு மலைக்கும் நான்கு ஊருக்கும் தலைவனாக இருந்தவனும் எழுதினான். பெரியவன் எழுதியதை மட்டும் படித்துவிட்டு நாம் புத்தகத்தை மூடிவிட்டோம்.

இம்மலையை ஆண்ட ஓரியின் கதையை இங்கே யாருக்கும் சொல்ல வேண்டியதில்லை. ஆடிப் பதினெட்டுக்கு அவனுக்கு விழா எடுக்கிறவர்கள் நீங்கள். அவனைத் திருமுடிக்காரி கொன்று மலையைச் சேரனுக்குக் கொடுத்ததை அகநானூறு சொல்கிறது. கரூர்ப் பகுதியில் கிடைத்த சேரர் காசுகளில் கொல்லிரும்பொறை என்று ஒரு பெயர் படிக்கப்பட்டிருக்கிறது. சங்க காலத்தை இவ்வளவில் விட்டுவிடுகிறேன். நமக்கு வேண்டியது அதற்குப் பிறகு நடந்தது. மலை ஒரு முறை சேரன் கைக்குப் போனது. அந்தச் செய்தி பல நூற்றாண்டுகளுக்குப் பிறகும் பட்டமாக உயிரோடு இருந்தது.

குலசேகர ஆழ்வாரை எடுத்துக்கொள்ளுங்கள். பெருமாள் திருமொழியின் 105 பாசுரங்களைப் பக்தியின் உருக்கத்துக்காகப் படிக்கிறோம். பதிகக் கடைசியில் அவர் தம்மை யாரென்று சொல்கிறார் என்பதில் நம் கண் நிற்பதில்லை. கொல்லிக்குக் காவலன், கூடலுக்குத் தலைவன், கோழிக்கு அரசன் என்று சொல்லிக்கொள்கிறார். கூடல் மதுரை, கோழி உறையூர். 9ஆம் நூற்றாண்டில் கொடுங்கல்லூர்ப் பக்கத்து மகோதயபுரத்தில் இருந்து ஆண்ட ஒரு சேரர், பாண்டியன் தலைநகரையும் சோழன் தலைநகரையும் உண்மையிலேயே ஆண்டார் என்று யாரும் வாதிடப்போவதில்லை. அப்படியானால் அந்த வரிசையில் முதலில் நிற்கும் கொல்லியை மட்டும் ஆண்டார் என்று எப்படிச் சொல்வது? அரங்கனின் முன் விழுந்து அழும் அதே பாட்டில் மூவேந்தர் நிலத்துக்கும் உரிமை கோருகிறார். அவர் பக்தி பொய் என்று நான் சொல்லவில்லை. பக்தியும் பட்டமும் ஒரே மூச்சில் வந்தன, அன்றைக்கு யாருக்கும் அது உறுத்தவில்லை என்கிறேன்.

சேரநாட்டுச் செய்தி இன்னொன்றும் உண்டு. மகோதயபுரத்துத் தாணு ரவியின் ஐந்தாம் ஆட்சியாண்டில், கி.பி. 849இல், வேணாட்டு அய்யன் அடிகள் கொல்லத்திலிருந்த தரிசாப்பள்ளி என்னும் கிறித்தவப் பள்ளிக்குச் செப்பேடு வழங்கினார். அதில் சாட்சிகள் அரபு, பகலவி, எபிரேய எழுத்துகளில் கையெழுத்திட்டிருக்கிறார்கள். குலசேகர ஆழ்வாரையும் தாணு ரவியையும் ஒருவர் என்று கொள்வோர் உண்டு, மறுப்போரும் உண்டு. அந்தச் சண்டையைப் பிற்பகல் அமர்வுக்கு விடுகிறேன். இதற்கு ஏறத்தாழ முந்நூறு ஆண்டுகள் கழித்துத் தென் ஐரோப்பாவில், சிசிலித் தீவில், 1130ஆம் ஆண்டு கிறிஸ்துமஸ் நாளில் இரண்டாம் ரோஜர் பலெர்மோவில் முடிசூடினார். கிறிஸ்துவே தமக்கு முடிசூட்டுவதாக அங்குள்ள தேவாலயச் சுவரில் வண்ணக்கல் ஓவியம் இருக்கிறது. அவருக்காக நெய்த சிவப்புப் போர்வையின் விளிம்பிலோ ஹிஜ்ரி ஆண்டோடு அரபு வாசகம் ஓடுகிறது. சிங்கம் ஒட்டகத்தை வீழ்த்தும் உருவம் தங்க நூலில் இருக்கிறது. அந்தப் போர்வையைப் பிற்காலத்தில் புனித ரோமப் பேரரசர்கள் முடிசூட்டின்போது போர்த்திக்கொண்டார்கள். இன்று அது வியன்னாவில் இருக்கிறது. எந்தச் சமயத்தான் எவனுக்கு எதிரி என்று ஒற்றை வரியில் சொல்லிவிடுகிறவர்கள் ஒரு முறை அந்தப் போர்வையையும் தரிசாப்பள்ளிச் செப்பேட்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கட்டும்.

இப்போது மலையிலிருந்து இறங்கி நாமக்கல்லுக்குப் போவோம். அங்கே குன்றின் இரு பக்கத்திலும் இரண்டு குடைவரைகள். ஒன்றில் அனந்தன்மேல் பள்ளிகொண்ட பெருமாள், மற்றதில் அமர்ந்த நரசிம்மர். சுவர்களில் வராகர், உலகளந்தவர், இரணியனைப் பிளப்பவர் என்று கல்லை உருக்கி வார்த்ததுபோலச் சிற்பங்கள். செய்தவன் பல்லவன் அல்லன், பாண்டியனும் அல்லன். அதியர் குலத்தைச் சேர்ந்த ஒரு வட்டாரத் தலைவன். அரங்கநாதர் குடைவரையிலுள்ள கிரந்த எழுத்துக் கல்வெட்டு அதை அதியேந்திர விஷ்ணு கிருகம் என்கிறது; குணசீலன் என்னும் பெயரும் அதில் வருகிறது. காலம் 8ஆம் நூற்றாண்டு.

அதே 8ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் பாண்டியன் நெடுஞ்சடையன் கொங்கின்மேல் படையெடுத்தான். அவனுடைய சீவரமங்கலச் செப்பேட்டில் கதை முழுவதும் இருக்கிறது. அயிரூரிலும் புகழியூரிலும் அதியனை முறியடித்தான். அதியனுக்கு உதவ வந்த பல்லவனையும் கேரளனையும் விரட்டினான். கொங்கு அரசனைச் சிறைபிடித்தான். காஞ்சிவாய்ப் பேரூரில் திருமாலுக்கு மலைபோல் ஒரு கோயில் எடுத்தான். செப்பேடு அவனைப் பரம வைணவன் என்கிறது. தோற்றவன் யார்? விஷ்ணுவுக்குக் குன்றைக் குடைந்த குலத்தவன். நரசிம்மரைக்கூட இரு பக்கமும் பங்கிட்டுக்கொண்டிருக்கிறார்கள். மதுரைக்கு அருகே ஆனைமலையில் கி.பி. 770இல் நரசிம்மருக்குக் குடைவரை எடுக்கத் தொடங்கியவன் இதே நெடுஞ்சடையனின் அமைச்சன் மாறன்காரி. வேலை முடியுமுன் அவன் இறந்துபோக, தம்பி மாறன் எயினன் குடமுழுக்குச் செய்து முடித்தான். ஆக, ஒரே தலைமுறையளவில் ஒரே கடவுளைக் கல்லில் வடித்த இரு தரப்பினர் காவிரிக்கரையில் மோதிக்கொண்டார்கள். இந்தப் போரைச் சமயப் போர் என்று எழுத எந்த வரலாற்றாசிரியராலும் முடியாது. ஆனால் வென்றவன் வெற்றியைச் சொல்லக் கோயிலைத்தான் எடுத்தான். தோற்றவன் குலத்துக்கு நமக்குக் கிடைக்கும் சாட்சியும் கோயில்தான்.

இதற்கு நேர் இணையாக ஐரோப்பாவில் நான் காண்பது அராகன் அரசன் இரண்டாம் பீட்டரின் கதை. 'கத்தோலிக்கர்' என்பது அவனுக்கு வழங்கிய அடைமொழி. 1204இல் ரோமில் போப் மூன்றாம் இன்னொசென்ட் கையால் முடிசூடியவன். 1212இல் லாஸ் நாவாஸ் தெ தொலோசா போரில் அல்மொஹாது முஸ்லிம் படையை வென்ற கிறித்தவ அரசர்களில் ஒருவன். அடுத்த ஆண்டே, 1213 செப்டம்பரில், தெற்குப் பிரான்சின் முரே என்ற ஊரில் இறந்தான். யாருக்கு எதிராக? அதே போப் அறிவித்த சிலுவைப் படைக்கு எதிராக. துலூஸ் கோமான் ஆறாம் ரேமண்ட் அவன் தங்கையின் கணவன். திருச்சபை ஏற்காத கதாரிகள் என்னும் கிறித்தவப் பிரிவினருக்கு இடம் கொடுக்கிறான் என்பது ரேமண்ட்மேல் குற்றச்சாட்டு. மைத்துனனையும் பைரனீஸ் மலைக்கு வடக்கே தனக்கிருந்த செல்வாக்கையும் காக்கப் போன இடத்தில் கத்தோலிக்கர் என்ற பட்டம் பீட்டருக்குத் தடையாகவே இருக்கவில்லை. சமயத்தைக் காக்க எடுத்த அந்தப் போர் 1229இல் பாரிஸ் உடன்படிக்கையோடு முடிந்தது. 1271இல் துலூஸ் நாடே பிரெஞ்சு அரசனின் கைக்குப் போனது. தொடக்கம் சமயத்தின் பெயரில், முடிவு நிலத்தின் கணக்கில்.

ஒன்று சொல்லியாக வேண்டும். 1244இல் மோன்செகூர் மலைக்கோட்டை விழுந்தபோது இருநூறுக்கு மேற்பட்ட கதாரிகள் உயிரோடு எரிக்கப்பட்டார்கள். நம் பக்கம் அப்படி எதுவும் கிடையாது என்று பெருமைப்பட அவசரப்பட வேண்டாம். மதுரையில் சமணரைக் கழுவேற்றிய கதையைத் தமிழ்ச் சைவமே தன் புராணத்தில் பாதுகாத்து வைத்திருக்கிறது. அது நடந்ததா என்பது வேறு கேள்வி. சொல்லிக்கொள்ள விரும்பினார்கள் என்பதே எனக்குப் போதுமான கவலை.

இனி மழவர். இந்த மலையின் தலைவனாகக் கொல்லி மழவன் பெரியபுராணத்தில் வருகிறான். மகளுக்கு முயலகன் நோய். இன்று திருவாசி எனப்படும் திருப்பாச்சிலாச்சிராமம் கோயிலில் அவளைக் கிடத்திவிட்டு நிற்கிறான். சம்பந்தர் வருகிறார், பாடுகிறார், நோய் நீங்குகிறது. பதிகம் ஒரு பெண்ணின் வாட்டத்தைத்தான் பாடுகிறது. மழவனையும் அவன் கலக்கத்தையும் விரித்துச் சொல்பவர் சேக்கிழார். சம்பந்தர் 7ஆம் நூற்றாண்டு, சேக்கிழார் 12ஆம் நூற்றாண்டு. இடையில் ஐந்நூறு ஆண்டுகள். சோழ அரசில் அமைச்சராக இருந்த ஒருவர், ஒரு மலைத்தலைவனைச் சோழநாட்டுப் பிள்ளையின் காலடியில் கைகூப்ப வைத்து எழுதுகிறார். பக்தர் கண்ணால் படித்தால் அற்புதம். அரசியல் கண்ணால் படித்தால், மழவர் எப்படிச் சோழர் உலகத்தில் ஒரு மரியாதையான இடத்தில் பொருத்தப்பட்டார்கள் என்பதற்கான ஆவணம். இரண்டு கண்ணும் நமக்குத் தேவை.

மழவர் கைகூப்பி நின்றதோடு கதை முடியவில்லை என்பதுதான் எனக்குப் பிடித்த பகுதி. கண்டராதித்தரின் தேவியும் உத்தம சோழனின் தாயுமான செம்பியன் மாதேவியைக் கல்வெட்டுகள் மழவரையர் மகள் என்றே சொல்கின்றன. செங்கல் கோயில்களைக் கற்றளிகளாக மாற்றிய அந்த அம்மையார் இல்லாமல் 10ஆம் நூற்றாண்டுச் சோழர் கோயில் கலையே இல்லை. கோனேரிராசபுரத்தில் கணவர் லிங்கத்தை வணங்குவதாகச் சிற்பம் வைத்தார். திருக்கோடிக்காவில் பழைய கோயிலைப் பிரித்தபோது அதிலிருந்த கல்வெட்டுகளைப் புதுச் சுவரில் படியெடுத்து வைக்கச் செய்தார். ஆவணக் காப்பாளர்கள் அவருக்குச் சிலை வைக்கலாம். மழவர் எல்லாரும் கொல்லி மழவர் அல்லர், காவிரிக்கு வடகரையில் மழநாடு விரிந்து கிடந்தது. ஆகவே அவரை இந்த மலையின் மகள் என்று நான் உரிமை கொண்டாட மாட்டேன். ஆனாலும் வட்டாரத் தலைவன் வீட்டுப் பெண் பேரரசின் சமய முகத்தையே வகுத்தார் என்பது உறுதி. இங்குள்ள அறப்பள்ளீசுவரர் கோயிலிலும் அவர் கொடையைச் சொல்லும் கல்வெட்டு உண்டு.

அறப்பள்ளி தேவாரத்தில் தனிப் பதிகம் பெறாத வைப்புத்தலம். ஊர்ப்பெயர்களை அடுக்கும் பாட்டில் கொல்லியும் வந்துபோகிறது. வரி வாங்கும் அதிகாரி ஏறுவதற்கு முன்பே பாடுகிறவரின் நிலப்படத்துக்குள் மலை வந்துவிட்டது என்று இதைக் கொள்கிறேன். 18ஆம் நூற்றாண்டில் அம்பலவாணக் கவிராயர் அறப்பளீசுர சதகம் பாடினார். மதவேள் என்னும் வட்டாரத் தலைவன் நாளும் நினைக்கும் கடவுள் என்றே பாட்டுதோறும் இறைவனை அழைக்கிறார். நூறு பாட்டிலும் ஈசனோடு அந்தத் தலைவன் பெயரும் ஒட்டிக்கொண்டு வருகிறது. குலசேகரர் மலையின் பெயரைத் தம் பட்டத்தில் சேர்த்தார். மதவேளோ தன் பெயரை மலைக்கடவுளின் அழைப்பில் சேர்த்துக்கொண்டான். வசதி குறைந்தவன் செய்த கெட்டிக்காரத்தனம்.

இதுவரை நான் சொன்னவை கல்லும் செம்பும் ஓலையும். இந்த மலையில் வாழும் மலையாளி மக்களாகிய உங்கள் சமயம் இவற்றில் எதிலும் அதிகம் இல்லை. காஞ்சியிலிருந்து அண்ணன் தம்பிகளாகப் புறப்பட்டுத் தங்கள் தெய்வத்தோடு மலைகளுக்கு வந்து சேர்ந்ததாக நீங்கள் சொல்லும் கதையை, 1909இல் வெளிவந்த எட்கர் தர்ஸ்டனின் தொகுதிகளில் காணலாம். அதன்பின் அதை எத்தனை பேர் ஒழுங்காகப் பதிவு செய்தோம்? எட்டுக்கை அம்மனைக் கொல்லிப்பாவை என்று கும்பிடுகிறீர்கள். மாசி பெரியண்ணசாமிக்குச் சமவெளிக் குடும்பங்கள் கிடாயோடும் வேலோடும் மலையேறி வருகின்றன. நாம் எழுதிய வரலாற்றில் சமயம் கீழிருந்து மலைக்கு ஏறியது. குலதெய்வம் கும்பிட வருகிறவர்களின் கால்களோ மலையிலிருக்கும் சாமியைத் தேடி வருகின்றன. அந்தத் திசையை வைத்து ஒரு வரலாறு இன்னும் எழுதப்படவில்லை.

ஆகவே இளைய ஆய்வாளர்களிடம் எனக்கு மூன்று வேண்டுகோள் உண்டு. அறப்பள்ளிக் கல்வெட்டுகளை நேரில் மறுபடி படித்து, நாமக்கல் குடைவரை வாசகங்களோடும் திருவாசிப் பக்கத்து மழவர் செய்திகளோடும் சேர்த்து ஒரே தொகுதியாகத் தமிழில் வெளியிடுங்கள். நாடுதோறும் உள்ள பட்டக்காரர்களிடம் உட்கார்ந்து, எந்தக் கோயிலில் யாருக்கு முதல் மரியாதை, யார் காலத்திலிருந்து என்று கேட்டு எழுதுங்கள். எழுதியதை அவர்களுக்கே திருப்பிப் படித்துக் காட்டி ஒப்புதல் பெறுங்கள். கட்டுரையின் ஒரு படியை இந்த மலையின் பள்ளி நூலகங்களுக்குக் கொடுத்துவிட்டு இறங்குங்கள். சொன்னவர்கள் பெயர் அடிக்குறிப்பில் ஒளியாமல் முதல் பக்கத்தில் இருக்கட்டும். இந்தக் கருத்தரங்கைத் தொடங்கிவைக்கிறேன். முதல் கட்டுரையாளர் மேடைக்கு வரலாம்.