தலைப்பு என்னும் வாக்குறுதி



நம் சங்க விழாக்களை யூடியூபில் ஏற்றும் இளைஞர்கள், "பார்ப்போர் குறைவு, தலைப்பில் சிறிது பொய் கலக்கலாமா?" என வினவினர். நாம் உடன்படவில்லை. தலைப்பு ஒரு வாக்குறுதி. ஏமாந்தவர் உடனே அகல்வர், மீண்டும் வாரார்.

2012-இலேயே யூடியூப் நிறுவனம், சொடுக்கியோர் தொகையினும் பார்த்த நேரத்தையே பெரிதெனக் கொண்டது. உள்ளே இல்லாததைத் தலைப்பிலும் முகப்புப் படத்திலும் காட்டி ஏய்க்கும் பதிவுகள்மீது இந்தியாவில் நடவடிக்கை எடுக்கப்போவதாக 2024 டிசம்பரில் அறிவிக்கவும் செய்தது.

ஆகவே, இளைஞர்களே, உள்ளதைச் சுவைபடச் சொல்லுங்கள். ‘ஆண்டு விழா, பகுதி 3’ என்பது யாரை அழைக்கும்? ‘ஏழு வயதுச் சிறுமி ஒப்புவிக்கும் நூறு குறள்’ என்பது மெய்யும் ஆகும், அழைக்கவும் செய்யும். அயல்மொழிச் சூழலில் வளரும் நம் பிள்ளைகள் தமிழைத் தேடி வந்து ஏமாறலாகாது.