ஊர் காட்டுதல்



பிறந்து வளர்ந்த ஊர் தமக்கு நன்கு தெரியும் என்றே எல்லோரும் எண்ணிக்கொண்டிருக்கின்றனர். நானும் அவ்வாறே எண்ணியிருந்தேன். வெளியூரிலிருந்து விருந்தினர் ஒருவர் வந்து, "நான்கு மணி நேரத்துக்குள் நான் புறப்பட வேண்டும், அதற்குள் உங்கள் ஊரைக் காட்டுங்கள்" என்று கேட்கும்போதுதான் நமக்குத் தெரிந்தது எவ்வளவு, தெரியாதது எவ்வளவு என்பது வெளிப்படுகிறது. அவ்வாறு வெளிப்பட்ட ஒரு நாளைப் பற்றியே இன்று உங்களோடு பேச விரும்புகிறேன்.

காரைக்கால் பகுதிக்கு நாள்தோறும் மக்கள் வருகின்றனர். அவர்களில் மிகப் பலர் திருநள்ளாற்றுக்கு வருபவர்கள். நளதீர்த்தத்தில் நீராடி, தர்ப்பாரண்யேசுவரரையும் சனி பகவானையும் வழிபட்டு, வந்த வண்டியிலேயே திரும்பிவிடுவர். அருகிலிருக்கும் தருமபுரத்தை அவர்கள் நினைப்பதுகூட இல்லை. திருஞானசம்பந்தர் பாடிய பதிகத்தைத் தம் யாழில் அடக்க இயலாமல், திருநீலகண்ட யாழ்ப்பாணர் யாழையே முறிக்கத் துணிந்ததாகச் சொல்லப்படும் தலம் அதுவே. மயிலாடுதுறையில் ஆதீனம் விளங்கும் தருமபுரம் வேறு, இந்தத் தருமபுரம் வேறு. இரண்டையும் ஒன்றெனக் கொண்டு தேர்வுத் தாளில் எழுதிய மாணவர்களை நான் அறிவேன்.

ஆசிரியப் பணியிலிருந்து ஓய்வு பெற்றபின், நண்பர்கள் அனுப்பும் விருந்தினரை அழைத்துக்கொண்டு ஊரைச் சுற்றிக் காட்டுவது எனக்கு வழக்கமாயிற்று. இதற்குக் கூலி ஏதும் இல்லை. எனக்குப் பிரெஞ்சு மொழி ஓரளவு பேச வரும். ஆகவே அம்மொழி பேசுவோர் வந்தால் என் வீட்டுக்கே அனுப்பிவிடுவார்கள். எனக்கென்று ஒரு வழி வகுத்து வைத்திருந்தேன். அதன் முதல் நிலை காரைக்கால் அம்மையார் கோயில்.

புனிதவதியாரின் வரலாற்றை நீங்கள் பெரியபுராணத்தில் படித்திருப்பீர்கள். கணவன் அனுப்பிய இரண்டு மாங்கனிகளில் ஒன்றை அடியவர்க்குப் படைத்துவிட்டு, கணவன் மற்றொன்றையும் கேட்டபோது இறைவனை வேண்டி வேறொரு கனி பெற்ற அம்மையார் அவர். ஆனி முழுநிலவையொட்டி நடைபெறும் மாங்கனித் திருவிழாவில், பிச்சாண்டவர் வீதியுலா வரும்போது மாடிகளிலிருந்தும் கூரைகளிலிருந்தும் மக்கள் மாங்கனிகளை வாரி இறைப்பதையும், கீழே நிற்போர் அவற்றைத் தாவிப் பிடிப்பதையும் காணக் கண் ஆயிரம் வேண்டும். ஆனால் விருந்தினர்க்கு நான் எடுத்துக் கூறுவது அக்கதையின் மற்றொரு பகுதியை. கனியின் உண்மை அறிந்து அஞ்சிய பரமதத்தன் என்ன செய்தான்? கப்பல் ஏறிக் கடல் கடந்து போனான். திரும்பி இவ்வூருக்கு வரவே இல்லை. இவ்வூரின் மிகப் பழைய கதையிலேயே ஒருவர் கப்பலேறிப் போகிறார், மற்றொருவர் கரையில் நிற்கிறார் என்பதை மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.

அங்கிருந்து நித்திய கலியாணப் பெருமாள் கோயில், தூய தேற்றரவு அன்னை ஆலயம், மஸ்தான் சாகிப் தர்கா ஆகியவற்றைப் பார்த்துக்கொண்டு அரசலாற்றங்கரைக்கு வருவோம். நடந்துகொண்டே நகரின் வரலாற்றையும் சொல்லிவிடுவேன். 1739ஆம் ஆண்டில் தஞ்சை மராட்டிய அரசரிடமிருந்து பிரெஞ்சுக்காரர் இதனைப் பெற்றனர். 1760இல் ஆங்கிலேயர் கைப்பற்றினர். பின்னர்ப் பலமுறை கை மாறி, 1817இல் மீண்டும் பிரெஞ்சுக்காரரிடமே வந்து சேர்ந்தது. 1954 நவம்பர் 1ஆம் நாள் ஆட்சி இந்திய அரசின் கைக்கு வந்தது; சட்ட முறைப்படியான இணைப்பு 1962 ஆகஸ்ட் 16ஆம் நாள் நிறைவேறிற்று. இவ்வளவையும் நான் மூச்சு விடாமல் ஒப்புவிப்பேன். ஊர் காட்டுவதில் நான் தேர்ந்தவன் என்ற ஒரு சிறு செருக்கும் எனக்கு இருந்தது.

சில ஆண்டுகளுக்கு முன் மார்கழி மாதத்தில் ஓர் அம்மையார் வந்தார். வயது அறுபதுக்கு மேல் இருக்கும். நிறத்தாலும் முகத்தாலும் நம் ஊர்ப் பெண்மணியே. ஆனால் தமிழில் ஒரு சொல்லும் தெரியாது. அட்லாண்டிக் கடலுக்கு அப்பால், கரிபியன் தீவுகளுள் ஒன்றாகிய குவாதலூப்பிலிருந்து வந்தவர். புதுச்சேரியிலிருந்து விடியற்காலையில் புறப்பட்டு, அன்று மாலைக்குள் வேளாங்கண்ணி சேர வேண்டும். இடையில் எங்கள் ஊருக்கு ஒதுக்கிய நேரம் நான்கு மணி. கல்லூரியில் படிக்கும் என் பேத்தியும் அன்று உடன் வந்தாள்.

குவாதலூப்புக்கும் காரைக்காலுக்கும் என்ன தொடர்பு என்று நீங்கள் கேட்கலாம். 1848இல் பிரெஞ்சுக் குடியேற்ற நாடுகளில் அடிமை முறை ஒழிக்கப்பட்டது. கரும்புத் தோட்ட முதலாளிகளுக்கு ஆள் தேவைப்பட்டது. ஐந்தாண்டு ஒப்பந்தத்தின்பேரில் நம் நாட்டவரைக் கப்பலேற்றத் தொடங்கினர். முதற்கப்பல் 1853இல் மார்த்தினிக் தீவையும், 1854இல் குவாதலூப்பையும் அடைந்தது. 1861இல் ஆங்கில அரசும் பிரெஞ்சு அரசும் செய்துகொண்ட உடன்படிக்கைக்குப்பின் இப்போக்கு மேலும் பெருகிற்று. மார்த்தினிக்குக்கு ஏறத்தாழ 25,000 பேரும், குவாதலூப்புக்கு ஏறத்தாழ 42,000 பேரும் சென்றனர். புதுச்சேரியும் காரைக்காலும் அவர்கள் கப்பலேறிய முக்கியத் துறைகள். பஞ்சமும் கடனும் துரத்த, ஆள் பிடிக்கும் தரகரின் சொல்லை நம்பி, டெல்டாவின் சிற்றூர்களிலிருந்து வந்தவர்கள் பலர். மீண்டு வந்தோர் சிலரே.

அம்மையாரிடம் ஒரு தாள் இருந்தது. அவருடைய பாட்டியின் தாயார் பற்றிய பதிவின் படி அது. ஒரு பெயர், ஒரு வயது, ஒரு எண், 'காரிக்கால்' என்ற துறைமுகப் பெயர். சொந்த ஊரின் பெயரும் இருந்தது. ஆனால் எழுதியவர் காதில் விழுந்தபடி பிரெஞ்சு எழுத்தில் கிறுக்கியிருந்ததால், அது பத்து ஊர்களுள் எதுவாகவும் இருக்கலாம்.

நான் என் வழக்கமான வழியில் அழைத்துச் சென்றேன். அவர் மரியாதையாகக் கேட்டுக்கொண்டு வந்தார். வழியில் காசாக்குடிச் செப்பேடுகளைப் பற்றியும் சொன்னேன். இந்நகருக்கு அண்மையிலுள்ள காசாக்குடியில் 1879இல் கண்டெடுக்கப்பட்டவை அவை; இரண்டாம் நந்திவர்ம பல்லவன் எட்டாம் நூற்றாண்டில் அளித்த கொடையைப் பதினொரு செப்புத் தகடுகளில் வடமொழியிலும் தமிழிலும் பொறித்தவை. கொடுத்த ஊரின் நான்கெல்லையும் அவற்றில் எழுதப்பட்டுள்ளன என்று பெருமையோடு கூறினேன். அம்மையார் நின்றார். "ஆயிரத்து இருநூறு ஆண்டுகளுக்கு முன் ஒரு நிலத்தின் எல்லையை இவ்வளவு கவனமாக எழுதியிருக்கிறார்கள். நூற்றைம்பது ஆண்டுகளுக்கு முன் ஒரு பெண்ணின் ஊரை எழுத அவர்களுக்கு நேரமில்லை" என்றார். எனக்கு விடை தோன்றவில்லை.

சற்று நேரம் கழித்து அவர் கேட்டார்: "ஐயா, அவர்கள் கப்பலுக்குப் போகுமுன் காத்திருந்த இடம் எது? அதைக் காட்டுவீர்களா?"

மாணவர்களே, காத்திருப்போர் தங்குவதற்கு இவ்வூரில் ஒரு கொட்டடி இருந்தது என்பது எனக்குத் தெரியும். அது எவ்விடத்தில் இருந்தது என்பது எனக்குத் தெரியாது. 'தெரியாது' என்ற அந்த ஒரு சொல்லைச் சொல்லியிருக்க வேண்டும். ஆனால் எத்தனையோ ஆயிரம் கல் கடந்து வந்தவரை வெறுங்கையோடு அனுப்புவதா என்று என் மனம் தயங்கிற்று. எல்லாம் தெரிந்தவன் என்ற பெயரை இழக்கவும் மனமில்லை. ஆற்றங்கரைப் பக்கம் காரை உதிர்ந்து நின்ற பழைய கட்டடம் ஒன்றைச் சுட்டிக்காட்டி, "இதுதான்" என்றேன்.

அம்மையார் அதன் அருகே சென்றார். சுவரில் இரண்டு கைகளையும் வைத்தார். நெற்றியையும் அதில் பதித்தார். பிறகு உதிர்ந்து கிடந்த காரைத் துண்டு ஒன்றை எடுத்துக் கைக்குட்டையில் முடிந்துகொண்டார். அவர் கண்களில் நீர் பெருகிற்று. அதைக் கண்டு என் கண்களும் கலங்கின. நல்லது செய்தோம் என்றே முதலில் எண்ணினேன்.

கடற்கரையை நோக்கி நடக்கையில் என் பேத்தி என் அருகே வந்து மெல்லக் கேட்டாள்: "தாத்தா, அது நெல்லுக் கிடங்கு அல்லவா? நீங்கள் பள்ளிக்கூடத்தில் படிக்கும்போது கட்டினார்கள் என்று நீங்களேதானே சொன்னீர்கள்?"

அச்சொல் என்னைச் சுட்டது. அம்மையார் அந்தக் காரைத் துண்டைக் குவாதலூப்புக்குக் கொண்டு செல்வார், பேரப்பிள்ளைகளிடம் காட்டுவார், அவர்கள் அதை வழிவழியாக வைத்துப் போற்றுவார்கள். எழுத்தரின் அலட்சியத்தால் அக்குடும்பம் ஊரின் பெயரை இழந்தது. இப்போது என் இரக்கத்தால் ஒரு பொய்யைப் பெறப் போகிறது. முன்னதைவிடப் பின்னது நல்லதா?

அரசலாறு கடலோடு கலக்கும் இடத்தில் அமர்ந்தபின், உண்மையைச் சொல்லிவிட்டேன். "அம்மா, என்னை மன்னிக்க வேண்டும். அக்கட்டடம் அவ்வளவு பழையதன்று. கொட்டடி இருந்த இடம் எனக்குத் தெரியாது. உங்கள் மனம் நோகக் கூடாதென்று சொல்லிவிட்டேன்" என்றேன்.

அவர் நெடுநேரம் பேசவில்லை. கைக்குட்டையை அவிழ்த்து, அத்துண்டை மணலில் வைத்தார். அவர் முகத்தில் வருத்தம் இருந்தது. அதை நான் மறைக்க விரும்பவில்லை. பிறகு, "அப்படியானால் உறுதியாகத் தெரிந்தது எது?" என்று கேட்டார்.

"இந்த ஆறும் இந்தக் கடலுந்தான். பெரிய கப்பல்கள் இங்கே கரைக்கு வர இயலாது. அவை தொலைவில் நங்கூரமிட்டு நிற்கும். மக்களைப் படகுகளில் ஏற்றிக் கொண்டுபோய்க் கப்பலில் சேர்ப்பார்கள். ஆகவே உங்கள் பாட்டியாரின் தாயார் இக்கரையிலிருந்து ஒரு படகில் ஏறியிருக்க வேண்டும். எந்த இடத்தில் என்று சொல்ல மாட்டேன்" என்றேன்.

அவர் எழுந்து சென்று கால் நனைய நீரில் நின்றார். திரும்பி வந்தபின் அவர் பேசத் தொடங்கினார். அதுவரை நான் பேசிக்கொண்டே இருந்ததால் அவர் பேச இடமே இல்லாமற்போயிற்று என்பதை அப்போதுதான் உணர்ந்தேன். தம் தீவில் 'மாலியேமேன்' என்ற தெய்வத்துக்குக் கோயில் உண்டு என்றார். அது நம் மாரியம்மனே என்று கண்டுகொண்டேன். அங்கே இந்தியர் குடியுரிமைக்காக 1904 முதல் 1923 வரை வழக்காடி வென்ற ஆன்றி சிதாம்பரோம் என்பவரைப் பற்றிச் சொன்னார். 'சிதம்பரம்' என்ற பெயர் கடல் கடந்து அவ்வாறு உருமாறியிருந்தது. இறுதியாக, "எங்கள் பூசைகளில் 'நாகூர்மிரா' என்று ஒருவரையும் அழைப்போம். கடலில் எங்களைக் காத்து அழைத்து வந்தவர் அவர் என்று பெரியோர் சொல்வார்கள். அவர் யார் என்று எங்களுக்குத் தெரியாது" என்றார்.

என் பேத்தி துள்ளி எழுந்தாள். "தாத்தா, நாகூர் மீரான்!" என்றாள்.

கடலோடிகள் காவலராகக் கொள்ளும் நாகூர் ஷாகுல் ஹமீது ஆண்டகையின் தர்கா, காரைக்காலுக்குத் தெற்கே வேளாங்கண்ணி செல்லும் வழியிலேயே இருக்கிறது. எங்கள் ஊரில் பார்க்க வேண்டியவை இன்னும் சில எஞ்சியிருந்தன. அவற்றையெல்லாம் விட்டுவிட்டு நாகூருக்குப் புறப்பட்டோம். தஞ்சை மன்னர் பிரதாப சிங் கட்டுவித்த பெரிய மனோராவை அண்ணாந்து பார்த்துக்கொண்டு அம்மையார் நின்ற நிலையை நான் எந்நாளும் மறவேன். "இது ஒரு பெயர் என்றே எண்ணியிருந்தோம், இது ஓர் ஊர்!" என்று திரும்பத் திரும்பச் சொன்னார். அவரிடம் அந்தச் சொல் முன்பே இருந்தது. அது எந்த மண்ணிலிருந்து வந்தது என்பதைக் காட்டியதே எங்கள் பணி. கொட்டடிச் சுவரைப் பற்றிய பொய்யோடு நான் அவரை அனுப்பியிருந்தால், அவர் மனம் நிறைந்து வண்டியேறியிருப்பார். நாகூரைக் கடந்தும் போயிருப்பார்.

இளைஞர்களே, உங்கள் ஊருக்கும் விருந்தினர் வருவர். ஒரு முற்பகலோ ஒரு மாலையோதான் தங்குவர். அவர்களுக்குப் பத்து இடங்களை ஓடி ஓடிக் காட்ட வேண்டா. மூன்று இடங்களை நின்று காட்டுங்கள். கேட்டுச் சொல்வதைக் கேட்டதாகவும், அறிந்து சொல்வதை அறிந்ததாகவும் சொல்லுங்கள். தெரியாததைத் தெரியாது என்று சொல்ல நாணாதீர்கள். அவர்கள் கொண்டுவரும் சொற்களையும் சற்றே கேளுங்கள். நம் ஊரின் வரலாற்றில் ஒரு பகுதி நம்மிடம் இல்லை. வெளியே போனவர்களோடு அதுவும் போயிருக்கிறது.

அம்மையார் புறப்படும்போது அத்தாளில் கண்ட ஊர்ப் பெயரை என் பேத்தி எழுதி வாங்கிக்கொண்டாள். விடுமுறை நாள்களில் பழைய ஊர்ப் பட்டியல்களோடு அதை ஒப்பிட்டுப் பார்த்துக்கொண்டிருக்கிறாள். பத்து ஊர்களில் நான்கைத் தள்ளிவிட்டாள். ஆறு எஞ்சியிருக்கின்றன.