எழுதி வைக்காத நகைச்சுவை



மேடையில் நிற்கும் நடிகருக்கு வசனம் மறந்துவிட்டால் என்ன செய்வார்? கைதேர்ந்தவராயின் அந்தக் கணத்திலேயே ஏதேனும் ஒன்றைச் சொல்லிச் சமாளித்துவிடுவார். அப்படிச் சமாளிப்பதையே முழுக் கலையாகக் கொண்ட நடிகர்களும் உண்டு. அவர்கள் கையில் எழுதிய வசனம் இராது. சூழ்நிலை மட்டுமே தெரியும். குறைந்த செலவில் எடுக்கப்படும் குறும்படத்தில் அத்தகைய நகைச்சுவை நடிகருக்குள்ள இடத்தை இன்று காண்போம்.

இக்கலைக்குப் பெயர் பெற்றது அமெரிக்காவின் சிகாகோ நகரம். வயோலா ஸ்போலின் என்ற அம்மையார் நடிப்புப் பயிற்சிக்காகச் சில விளையாட்டுகளை வகுத்தார். அவருடைய மகன் பால் சில்ஸ் நண்பர்களுடன் சேர்ந்து 1959-இல் 'செகண்ட் சிட்டி' என்னும் குழுவைத் தொடங்கியபோது, அவ்விளையாட்டுகளே அதற்கு அடித்தளமாயின.

இக்கலையில் பயில்வோர் முதலில் கற்கும் பாடம், உடன் நடிப்பவர் சொன்னதை மறுக்கக் கூடாது என்பதாகும். ஒருவர், "மழை கொட்டுகிறதே!" என்கிறார். மற்றவர், "மழையே இல்லையே" என்றால் காட்சி அங்கேயே படுத்துவிடும். "ஆமாம், உங்கள் குடைக்குள்ளும் ஒழுகுகிறதே" என்றால் கதை நகரும். ஆகவே, இந்த நடிகருக்கு வாய்ச் சாதுரியத்தைவிடக் காது கொடுத்துக் கேட்கும் பழக்கமே முக்கியம்.

இனி, திரைக்கு வருவோம். மார்க் டுப்ளாஸ், ஜெய் டுப்ளாஸ் என்ற அமெரிக்கச் சகோதரர்கள் பணம் செலவழித்து ஒரு முழுநீளப் படம் எடுத்தார்கள். அது மனத்துக்குப் பிடிக்காமல் போகவே, வெளியிடாமல் கைவிட்டார்கள். மனம் சோர்ந்திருந்த அந்நிலையில், வீட்டு வீடியோ கேமராவில் 'திஸ் இஸ் ஜான்' என்ற குறும்படத்தை எடுத்தார்கள். செலவு ஏறத்தாழ 3 டாலர். அதாவது, ஒளிப்பதிவு நாடாவின் விலை மட்டுமே!

கதை மிக எளியது. ஜான் என்பவன் வீட்டுத் தொலைபேசியின் பதிவுக் கருவியில் தன் பெயரைச் சொல்லி ஒரு வரவேற்புச் செய்தி பதிய முயல்கிறான். குரல் சரியாக அமையவில்லை. திரும்பத் திரும்பப் பதிகிறான். மார்க் இதை எழுதி வைத்த வசனமின்றியே நடித்தார். பார்ப்போர் முதலில் சிரிக்கிறார்கள். பிறகு சிரிப்பு அடங்குகிறது. தன் பெயரைக்கூடத் தனக்குத் திருப்தியாகச் சொல்ல இயலாத மனிதனின் வேதனை அங்கே தெரிகிறது. 2003-இல் சன்டான்ஸ் திரைப்பட விழாவில் இப்படம் இடம்பெற்றது. அதுவே அவர்கள் வாழ்வில் திருப்பமாயிற்று.

இம்முறையில் ஒரு சிக்கலும் உண்டு. நடிகர் அதே சொல்லை மறுமுறை அதேபோல் சொல்லமாட்டார். எனவே துண்டுகளைப் பொருத்துவது கடினம். மிகுதியாகப் படம்பிடித்து, பெரும்பகுதியைக் கழிக்க வேண்டும். பிலிம் சுருள் விலை அதிகம். வீடியோ நாடா மலிவு. அதனாலேயே இம்முறை எளியவர் கைக்கும் எட்டியது.

இன்று நம் கைத்தொலைபேசியிலேயே கேமரா இருக்கிறது. பணமில்லை என்று தயங்கும் இளைஞர்கள், இரண்டு பேராகச் சேர்ந்து, ஒருவர் சொல்வதை மற்றவர் கூர்ந்து கேட்டு நடித்துப் பார்க்கலாம். சரியாக வராவிட்டால் அழித்துவிட்டு மீண்டும் எடுக்கலாம், நட்டம் ஒன்றுமில்லை.